பூமணி மச்சாளின் கடிதமும் நான் எழுதின ஜெர்மன் படமும்

புளியந்தீவிலிருந்து சஞ்சிகை நடத்துகிற ஒருவர் மூன்று மாதமாக என்னை விடுகிறார் இல்லை. "அக்கா, செட்டிபாளையத்தில பிறந்து ஜெர்மன் டிவிக்குப் படம் எழுதின ஆள் நீங்க ஒராள்தான். எப்பிடி ஏறினீங்க எண்டு ஒரு கட்டுரை தாங்க" என்கிறார். ஏறினதாம். என்ன, தென்னை மரமா? தாறன் தாறன் என்று சொல்லி நாளைக் கடத்தினேன். எழுத இருந்தால் எனக்குக் கால் நிற்காது. வாசலுக்குப் போவேன், கடற்கரைக்குப் போவேன், அங்கே நின்று அலுத்து, ரோட்டைத் தாண்டி ஆத்தங்கரைக்குப் போவேன். எங்கள் ஊருக்கு ஒரு பக்கம் கடல், மற்றப் பக்கம் வாவி, அதை ஆறு என்றுதான் சொல்வோம். மனம் சரியில்லாதவளுக்கு நடக்க இரண்டு கரை கிடக்கிறது. இப்போது எழுதுகிறேன் என்றால், எழுதச் சொன்னது அவர் இல்லை, வேறொருத்தி. அவள் யார் என்று போகப் போக விளங்கும்.

ஏறின கதையில் பெரிசாக ஒன்றும் இல்லை. இருபத்துநாலு வயதில் கலியாணம் முடிக்க ஜெர்மனிக்குப் போனேன். நாலு வருசம் ஒரு ஹோட்டல் குசினியில் கோப்பை கழுவினேன். பாஷை படித்தது டிவியில் வந்த பொலிஸ் தொடர்களில். ஆள் சாவார், பொலிஸ் வரும், கேள்வி கேட்கும், பதில் சொல்வார்கள். கேள்வியும் பதிலுமாகவே படித்ததால், நான் பேக்கரிக்குப் போய் ஜெர்மனில் ஒரு பாண் கேட்டாலும் கடைக்காரியை விசாரிக்கிற மாதிரித்தான் இருக்கும் என்று என் மனுசன் சிரிப்பார். அவர் போய்ச் சேர்ந்து ஒன்பது வருசம் ஆகிறது.

பாஷை பிடிபட்டதும் அகதி விசாரணை நடக்கிற கந்தோரில் மொழிபெயர்ப்புக்கு எடுத்தார்கள். எட்டு வருசம் அந்த மேசையில் இருந்தேன். தொழில் படித்தது அங்கேதான். ஆள் பொய் சொல்லும்போது வசனம் ஒழுங்காக வரும், உண்மை சொல்லும்போது இடையில் நின்றுபோகும். வேலைக்குச் சேரும்போது ஒரு சத்தியம் செய்து கையெழுத்து வைக்க வேண்டும், இந்த அறையில் கேட்டது வெளியே போகாது என்று. அந்தச் சத்தியத்தை நான் ஒரு நாளும் மீறினதில்லை. மீறினது வேறு இடத்தில்.

ஒரு பொலிஸ் தொடரில் தமிழ்க் கடை ஒன்று வரும் காட்சிக்குத் தமிழ்ச் சொற்களைச் சரிபார்க்க என்னைக் கூப்பிட்டார்கள். நான் சொற்களை விட்டுவிட்டுக் கடைக்காரரில் பிடித்துக்கொண்டேன். "உங்கட கடைக்காரர் பொலிசைக் கண்டதும் கும்பிடுகிறார். எங்கட ஆள் கும்பிட மாட்டார். பயத்தில தேத்தண்ணி குடிக்கிறீங்களா எண்டுதான் முதல் கேட்பார்" என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். மேசையின் மூலையில் ஒரு மனுசி மட்டும் சிரிக்கவில்லை. "எழுதிக் கொண்டுவா" என்றா. ஃபிரவ் புருன்னர். தொலைக்காட்சி நிலையத்தில் கதைகளுக்குப் பொறுப்பானவ. எந்தக் கதையும் அவவின் கையைத் தாண்டினால்தான் படமாகும்.

அவவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அப்போது ஐம்பத்தைந்து தாண்டியிருக்கும். கூட்டம் தொடங்கினால் மேசைக்குக் கீழே சப்பாத்தைக் கழற்றி விடுவா. முன்னால் ஒரு பென்சில், ஒரு சின்னக் கத்தி, ஒரு ஆப்பிள். தயாரிப்பாளர், இயக்குனர், நான் எல்லோரும் கையில் பிரதியோடு சுற்றி இருப்போம். "பக்கம் ஒன்று" என்பா. குறை இருக்கிறவர் சொல்ல வேண்டும். ஒருவரும் பேசாவிட்டால் தாளைப் புரட்டுவா. "பக்கம் இரண்டு." இப்படியே நூறு பக்கம். நன்றாக இருக்கிறது என்று அவவின் வாயில் வந்து நான் கேட்டதில்லை. தாள் புரண்டால் அதுதான் பாராட்டு.

புரளாவிட்டால் ஒரே கேள்விதான் வரும். "இதை நான் எங்கே பார்க்கிறேன்?" அவளுக்கு மனம் குழம்பிப் போயிருக்கிறது என்று நான் எழுதியிருப்பேன். மனம் குழம்பினதைக் கமரா எடுக்காது. அடுத்த பிரதியில் அவள் கறிக்கு இரண்டாம் தரமும் உப்புப் போடுவாள். தாள் புரளும். ஒரு கதைக்கு ஐந்து பிரதி எழுத வேண்டும். ஒவ்வொரு திருத்தத்துக்கும் வேறு நிறத் தாள். வெள்ளை, நீலம், ரோஸ், மஞ்சள், கடைசியாகப் பச்சை. பச்சைத் தாளில் வந்த பிறகு ஒரு காற்புள்ளி அசைக்க விடமாட்டா.

முதல் ஐந்து வருசம் கறுத்த ஆள் யாராவது கதையில் செத்தால்தான் எனக்கு டெலிபோன் கோல் வரும். கடையில் செத்தான், ரயிலில் செத்தான், குசினியில் செத்தான். ஒருநாள் எனக்குக் கோபம் வந்து, "எனக்கும் ஒரு ஜெர்மன் கிழவனைத் தாங்க, நானும் அவனைச் சாகடிக்கிறன்" என்று கேட்டுவிட்டேன். தந்தா. வடக்கே ஒரு கால்வாயில் கப்பல் போக வரத் தண்ணிக் கதவு திறந்து மூடுகிற கிழவன். இரண்டு கிழமை அந்தக் கால்வாயில் போய் இருந்து பார்த்து எழுதினேன். படம் ஓடின பிறகு அந்தப் பக்கத்து ஆள் ஒருவர் நிலையத்துக்குக் கடிதம் போட்டிருந்தார், இதை எழுதினவர் எங்கள் பக்கத்தில் எந்த ஊர் என்று கேட்டு. ஃபிரவ் புருன்னர் அதைக் கூட்டத்தில் வாசித்துவிட்டு, ஆப்பிளை இரண்டாக வெட்டி ஒரு பாதியை என் பக்கம் தள்ளினா. செட்டிபாளையத்தாளுக்கு அவ்வளவே காணும்.

இனித்தான் கதை. நான் நடந்து திரிகிறதுக்குக் காரணமும் இதுதான்.

பூமணி என் அம்மாவின் அண்ணன் மகள், எனக்கு மச்சாள். ஒரே வயது, ஒரே வகுப்பு, இருவருக்கும் ஒரு சைக்கிள். நான் ஜெர்மனிக்குப் போன கையோடு அவளுக்கும் கலியாணம் முடிந்தது. பிறகு சண்டை மூண்டு ஊரில் இருக்க முடியாத காலம் வந்தது. அவளும் மனுசனும் ஆத்தைத் தாண்டிப் படுவான்கரைக்குப் போய், இரண்டு வருசம் பள்ளிக்கூடங்களில் அகதியாக இருந்துவிட்டு, கையில் ஒரு பெண்பிள்ளையோடு திரும்பி வந்தார்கள். அடுத்த வருசம் மனுசன் காய்ச்சலில் போய்விட்டார். பூமணி கூலிக்கு நாற்று நட்டு, இறால் உடைத்து, அந்தப் பிள்ளையைப் படிப்பித்தாள். ஊருக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

எனக்கு மட்டும் நாலு பக்கத்தில் ஒரு கடிதம் வந்தது. அவர்கள் இருந்த பள்ளிக்கூடத்துக்கு எல்லைக் கிராமம் ஒன்றிலிருந்து தனியாக ஒரு பெண் வந்திருக்கிறாள், இடுப்பில் ஏழெட்டு மாதப் பிள்ளையோடு. வந்த மூன்றாம் நாள் காய்ச்சலில் செத்துப்போனாள். பேர்கூட ஒருவருக்கும் தெரியாது. பூமணி அந்தப் பிள்ளையைத் தூக்கியிருக்கிறாள். ஊருக்குத் திரும்பும்போது, விடியச் சாமத்தில் தோணியில் ஆத்தைக் கடக்கையில், பிள்ளை பசியில் கத்தியிருக்கிறது. சத்தம் கேட்டால் தோணியில் இருக்கிற எல்லாருக்கும் ஆபத்து. கொடுக்கப் பாலும் இல்லை, ஒன்றும் இல்லை. பூமணி தன் கழுத்துத் தாலியை எடுத்து அதன் வாயில் வைத்தாள். முளைத்திருந்த இரண்டு பல்லால் அதைக் கடித்துக்கொண்டே பிள்ளை கரை சேர்ந்தது. "அந்த நேரந்தான் மச்சாள் இது என்ர புள்ள எண்டு எனக்குப் பட்டது" என்று எழுதியிருந்தாள். "ஒருத்தருக்கும் சொல்லல்ல. உன்னட்டச் சொன்னாக் கடலுக்கு அங்கால போட்ட மாதிரி. வாசிச்சிப்போட்டுக் கிழிச்சிரு."

தாலியில் பல் பதிந்த கதை ஊருக்கும் தெரியும். "என்ர மகள் தோணியில கடிச்ச தாலி" என்று அவளே எடுத்துக் காட்டுவாள். பிள்ளை வந்த வழிதான் தெரியாது. நான் கடிதத்தைக் கிழிக்கவில்லை. சேலைகளுக்குக் கீழே வைத்தேன்.

பல வருசம் போய், ஒன்றரை மணிநேரப் படம் ஒன்று எழுத எனக்கு முதல் தரம் வாய்ப்பு வந்தது. ஃபிரவ் புருன்னர் ஓய்வுக்குப் போக முன்னம் பொறுப்பெடுத்த கடைசிப் படமும் அதுதான். அப்போது ஜெர்மன் பத்திரிகைகளில் அடிபட்ட ஒரு விசயத்தைக் கொண்டுபோனேன். ஊரில் விட்டுவந்த பிள்ளையைக் கூப்பிட ஒரு தாய் விண்ணப்பம் போடுவாள். இரத்தத்தைச் சோதித்துவிட்டு, இது உன் பிள்ளை இல்லை, பொய் சொன்னாய் என்று கந்தோர் சொல்லும். படத்துக்கு நல்ல தொடக்கம். ஆனால் அந்தப் பெண் ஏன் அந்தப் பிள்ளையைத் தூக்கினாள் என்று எழுத வரும்போது என்னிடம் இருந்தது பூமணியின் கடிதம் ஒன்றுதான். பேரை மாற்றினேன், ஊரை மாற்றினேன், பெண்பிள்ளையை ஆண்பிள்ளை ஆக்கினேன். தாலியை எழுதவில்லை. அது அவளுடையது என்கிற புத்தி அப்போது இருந்தது.

நீலத் தாள் பிரதிக்குக் கூட்டம். பக்கம் நாற்பதுவரை தாள் புரண்டது. "பக்கம் நாற்பத்தொன்று" என்றா ஃபிரவ் புருன்னர். புரளவில்லை. "இந்த வள்ளத்தில் இவள் தாயாகிவிட்டாள் என்று எழுதியிருக்கிறாய். இதை நான் எங்கே பார்க்கிறேன்?"

பிள்ளையை இறுக்கி அணைக்கிறாள் என்றேன். "பிள்ளையைக் கையில் வைத்திருக்கிற எல்லாரும் அணைப்பார்கள்" என்றா. தாலாட்டுப் பாடுகிறாள் என்றேன். "சத்தம் போட்டால் சுடுவார்கள் என்று நாற்பதாம் பக்கத்தில் நீதானே எழுதியிருக்கிறாய்?" பிறகு ஆப்பிளைத் தோல் சீவத் தொடங்கினா. இரண்டு நாளில் வேறு ஏதாவது யோசித்துக்கொண்டு வருகிறேன் என்று சொல்லியிருக்கலாம், வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். எனக்கு அந்தத் தாள் புரள வேண்டும். "தாலியைப் பிள்ளையின் வாயில் வைக்கிறாள்" என்று சொல்லிவிட்டேன். தாலி என்றால் என்ன என்று விளக்கினேன். அவ கத்தியைக் கீழே வைத்தா. தாள் புரண்டது. அன்றைக்கு எனக்கு வந்த சந்தோசத்தை இப்போது நினைத்தாலும் உடம்பு கூசுகிறது.

படத்தின் முடிவுக்குத்தான் பெரிய சண்டை. என் மஞ்சள் பிரதியில் தாய் பிள்ளைக்குக் கடைசிவரை சொல்லவில்லை. "வளர்ந்த பிள்ளை. அவனுக்கு உண்மை தெரிய உரிமை இல்லையா?" என்றா. நான் குடியைப் பற்றிச் சொன்னேன். எங்கள் பக்கத்தில் குடி தாய்வழி. தாய் என்ன குடியோ பிள்ளையும் அந்தக் குடி. கோயில் திருவிழாவில் ஒவ்வொரு குடிக்கும் ஒரு நாள் இருக்கிறது. கலியாணம் பேச வந்தால் முதல் கேள்வியே என்ன குடி என்பதுதான், ஒரே குடிக்குள் முடிக்க மாட்டார்கள். தாய் யாரென்று தெரியாத பிள்ளை என்று வந்தால் அது எங்கே போய் நிற்கும்? சொல்லாமல் இருப்பது பொய் இல்லை, அவள் பிள்ளைக்குக் கட்டிக் கொடுத்த வீடு என்றேன். ஃபிரவ் புருன்னர் கவனமாகக் கேட்டா. பிறகு, "இங்கே பார்க்கிறவனுக்கு இது விளங்க இருபது நிமிடம் வேண்டும். எங்களிடம் இருப்பது நாலு நிமிடம்" என்றா. பச்சைத் தாளில் தாய் ஒன்றரைப் பக்கம் பேசி உண்மையைச் சொன்னாள். பெற்றவளைத் தேடிப் பிள்ளை ரயில் ஏறினான். அழகான வசனம் என்று எல்லாரும் சொன்னார்கள். எங்கள் வாவியைப் பேர்லினுக்குப் பக்கத்து ஏரி ஒன்றில் எடுத்தார்கள். விருதும் கிடைத்தது.

பயம் வரவில்லையா என்று கேட்பீர்கள். வரவில்லை. ஜெர்மன் பாஷையை நான் ஒரு மதில் என்று நம்பியிருந்தேன். அங்கே இருக்கிற எங்கட ஆட்கள் அந்த நேரத்தில் தமிழ் சீரியல் பார்ப்பார்கள். படத்தைப் பார்த்துவிட்டுக் கோல் எடுத்த இரண்டு பேரும் யாழ்ப்பாணத்தார், அவர்களுக்குப் பூமணியைத் தெரியாது. இருபது வருசம் நிம்மதியாக இருந்தேன் என்பதைச் சொல்ல எனக்கே வெட்கமாக இருக்கிறது.

ஓய்வு எடுத்த பிறகு வருசத்தில் பாதி இங்கேதான், அம்மா என் பேருக்கு எழுதி வைத்த வீட்டில். பூமணியின் வீடு மூன்று ஒழுங்கை தள்ளி. மகள் சுகந்தி களுவாஞ்சிக்குடியில் படிப்பிக்கிறாள். அவளுக்கும் பன்னிரண்டு வயதில் ஒரு மகள். "மாமி, ஒங்கட படம் ஒண்டக் கூட நாங்க பாக்கல்ல" என்று காணும்போதெல்லாம் குறைப்படுவாள்.

போன பங்குனியில் ஜெர்மனியில் இருந்து ஒரு மின்னஞ்சல். பழைய படங்களை இணையத்தில் போடப் போகிறார்களாம். மெசின் முப்பது மொழியில் சப்டைட்டில் போட்டுத் தருகிறதாம். "உங்கள் தாய்மொழியும் இருக்கிறது, சந்தோசம்தானே? தமிழ்க் கோப்பை ஒருமுறை பார்த்துத் தர முடியுமா?" என்று ஒரு இளம் பெண் எழுதியிருந்தாள். சுகந்தி அப்போது என் வீட்டில் இருந்தாள். எந்தப் படம் என்று பார்க்காமலே பெருமையில் அவளிடம் சொல்லிவிட்டேன். "அப்ப சித்திரை வருசப் பிறப்புக்கு எல்லாரும் ஒண்டா இருந்து பாப்பம் மாமி" என்று சொல்லிவிட்டுப் போனாள். பிறகுதான் பட்டியலைத் திறந்தேன். விருது எடுத்த படம் முதலாவதாக இருந்தது.

அந்தப் படத்தை விட்டுவிடுங்கள் என்று எழுதினேன். இருபது வருசத்துக்கு முன்னம் நான் கையெழுத்து வைத்த ஒப்பந்தத்தின் பிரதி ஒன்று மரியாதையாக வந்து சேர்ந்தது. எல்லா உரிமையும் எழுதிக் கொடுத்திருக்கிறேன். சரி, தமிழ்க் கோப்பு என் கையில்தானே இருக்கிறது என்று பிறகு ஒரு புத்தி வந்தது. இரண்டு நாள் இருந்து வசனத்தை எல்லாம் மாற்றினேன். செத்த பெண்ணை அவளுடைய சொந்தத் தங்கச்சி ஆக்கினேன். தாய் உண்மை சொல்லும் ஒன்றரைப் பக்கத்தை, உன் தகப்பன் நல்ல மனுசன் என்று தகப்பனைப் பற்றின பேச்சாக்கினேன். என் வாழ்க்கையில் அவ்வளவு கெட்டித்தனமாக நான் எழுதினதில்லை. முடித்துவிட்டுப் படத்தை ஓட விட்டேன். பள்ளிக்கூட விறாந்தையில் பெயர் தெரியாத ஒருத்தி பாயில் செத்துக் கிடக்கிறாள். இன்னொருத்தி பிள்ளையைத் தூக்குகிறாள். தோணி. தாலி. ஒரு வசனமும் தேவையில்லை. அப்படி எழுதத்தானே ஃபிரவ் புருன்னர் என்னை அத்தனை வருசம் பழக்கினா. மாற்றின எல்லாவற்றையும் அழித்தேன். மெசின் விட்ட பிழைகளை மட்டும் திருத்தி அனுப்பிவிட்டு, செருப்பைப் போட்டுக்கொண்டு பூமணி வீட்டுக்குப் போனேன்.

அவள் பின்வளவில் இருந்து இறால் உடைத்துக்கொண்டிருந்தாள்.

"மச்சாள், நீ எனக்கு ஒரு கடிதம் போட்டாய், நாலு பக்கத்தில."

"கிழிச்சிரு எண்டு எழுதினன்."

"கிழிக்கல்ல."

அவள் நிமிரவில்லை. "கிழிக்காம என்ன செஞ்சாய்?"

"படமா எழுதினன். இப்ப அது தமிழ் எழுத்தோட போன்ல வரப் போகுது. சுகந்தி பாக்கப் போறா."

"தாலியுமா?"

"ஓம். தாலியும்."

உடைத்த இறாலைச் சட்டியில் போட்டாள். இன்னொன்றை எடுத்தாள். பேசினால் நல்லது, ஏசினால் அதைவிட நல்லது என்று நான் நின்றேன். "உன்ன நான் கடல் எண்டு நினைச்சன்" என்றாள் பிறகு. அதற்குமேல் ஒரு ஏச்சும் இல்லை. மன்னிச்சுக்கொள் என்றேன். அவள் உடைத்த கோதை ஒரு பக்கமாக ஒதுக்கினாள்.

"ஒண்டு சொல்லு தவம். படத்தில அந்தப் பொம்பிள புள்ளைட்டச் சொல்றாளா?"

"சொல்றாள்."

"என்னெண்டு சொல்றாள்? சொல்லிக் காட்டு. எனக்கு முப்பத்தஞ்சு வருசமா வாய் வரல்ல."

எனக்கு அந்த வசனம் பாடம். தமிழில் சொல்லத் தொடங்கினேன். நான் உன்னை என் வயிற்றில் சுமக்கவில்லை, ஆனால் என் ஒவ்வொரு நாளிலும் சுமந்தேன். இரண்டாவது வரியிலேயே நாக்குத் தடக்கியது. ஜெர்மனில் பெரிய நடிகை ஒருத்தி கண்ணீரோடு சொன்ன வசனம், பூமணியின் வளவில், இறால் கோதுக்கும் ஈக்கும் நடுவில், ஒரு சதத்துக்கும் உதவவில்லை.

"இப்பிடி ஆரும் கதைப்பாங்களா?" என்று கேட்டாள்.

"கதைக்க மாட்டாங்க."

"மறுகா என்னத்துக்கு எழுதினாய்?" கையைக் கழுவினாள். "நான் சொல்ல மாட்டன். நீதானே எல்லாருக்கும் சொன்னாய், அவக்கும் நீயே சொல்லு. ரெண்டு மணிக்குப் பள்ளிக்கூடத்தால வருவா."

அப்போது பதினொரு மணி. மூன்று மணித்தியாலம் நான் அந்த வளவில் நடந்தேன். கிணற்றடிக்கும் வாசல் படலைக்கும், படலைக்கும் கிணற்றடிக்கும். எத்தனையோ காட்சி எழுதினவள், ஒரு காட்சிக்கு முதல் வரி தேடிக் கிடைக்காமல் திரிந்தேன். பூமணி இறால் கறி ஆணத்தை அடுப்பில் வைத்துவிட்டு, "இரிக்க மாட்டயா, எனக்குத் தலை சுத்துது" என்றாள்.

சுகந்தி ஸ்கூட்டரை நிறுத்திவிட்டு ஹெல்மட்டைக் கையில் வைத்துக்கொண்டே நின்று கேட்டாள். நான் எப்படிச் சொன்னேன் என்று எனக்கு ஒழுங்காக நினைவில்லை. பள்ளிக்கூடம் என்றேன், காய்ச்சல் என்றேன், உன்னை அம்மா தூக்கினா என்றேன். ஒன்றும் முழு வசனமாக வரவில்லை. அவளுக்கு விளங்கிவிட்டது.

"அந்த அம்மாட பேர் என்ன?"

"தெரியா புள்ள."

"ஊர்?"

"அதுவும் தெரியா."

"படம் வந்து எத்தின வருசம்?"

"இருபது."

"எனக்குப் பதினாறு" என்றாள். "எனக்குப் பதினாறு வயசில ஜெர்மனியில இரிக்கிற சனத்துக்கெல்லாம் தெரியும். எனக்குத் தெரியா. அம்மா சொல்லாதது எனக்கு விளங்குது மாமி. நீங்க சொன்னதுதான் விளங்கல்ல."

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. வகுப்பில் பிழை விட்ட பிள்ளைக்குச் சொல்கிற மாதிரித்தான் சொன்னாள். உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். பூமணி அந்த அறைக்குள்தான் இருந்தாள். நான் வெளியே நின்றேன். கதவுக்குப் பின்னால் மனிதர் என்ன பேசுவார்கள் என்று எழுதித்தான் நான் சோறு தின்றேன். அன்றைக்கு அந்தக் கதவுக்குப் பின்னால் என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது, இன்றைக்கும் தெரியாது. ஒரு முறை பூமணியின் குரல் கேட்டது. ஒரு முறை கட்டிலோ கதிரையோ இழுபட்ட சத்தம். மற்றப்படி ஒன்றும் இல்லை. தாயையும் மகளையும் பிரித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

கதவு திறந்தபோது இரண்டு பேரின் முகமும் கழுவியிருந்தது. "படத்தப் போடுங்க" என்றாள் சுகந்தி.

மூன்று பேரும் பாயில் இருந்து என் போனில் பார்த்தோம். பள்ளிக்கூடக் காட்சியில் சுகந்தி அந்தச் செத்த பெண்ணின் முகத்தில் போனை நிறுத்தி நெடுநேரம் பார்த்தாள். அது பேர்லினில் கூட்டிவந்த ஒரு துணை நடிகை என்று எனக்குச் சொல்ல வாய் வரவில்லை. தோணிக் காட்சி வந்தது. "இது எங்கட ஆறு இல்ல" என்றாள் பூமணி. "தண்ணியப் பாத்தாலே குளிருது. தோணிய வலிக்கிற விதமும் எங்கட மாதிரி இல்ல." தாலிக்கு ஒன்றும் சொல்லவில்லை. கடைசியில் அந்தப் பெடியன் பையைத் தூக்கிக்கொண்டு ரயில் ஏறினான்.

"இவன் என்னத்துக்குப் போறான்?" என்றாள் சுகந்தி.

"பெத்த தாயைத் தேடிப் போறான். நான் அப்பிடி எழுதல்ல புள்ள. அங்க முடிவு அப்பிடி வேணும் எண்டாங்க."

"எழுதினது நீங்கதானே?"

"ஓம். நான்தான்."

"போக முன்னம் ஏதும் திண்டானா?" என்று கேட்டாள் பூமணி. படத்தில் அவன் சாப்பிடவில்லை.

சுகந்தி போனை என் கையில் தந்தாள். "அந்தக் கடிதத்த நாளைக்குக் கொண்டு வந்து தாங்க. அது என்ர." தலையாட்டினேன். அடுத்த நாள் விடிய வெள்ளண கொண்டுபோய்க் கொடுத்தேன். என்னோடு அவள் இன்னும் முந்தி மாதிரிக் கதைக்கிறதில்லை. சித்திரை வருசத்துக்கும் கூப்பிடவில்லை. அது எனக்கு வேண்டியதுதான்.

ஆனால் கடிதத்தைக் கொடுத்த அன்று, ஸ்கூட்டரில் ஏறப் போனவள் நின்று, "அந்தச் சஞ்சிகைக்கு ஏதோ எழுதப் போறீங்க எண்டு சொன்னீங்க. இத எழுதுங்க" என்றாள். "இந்தத் தரம் தமிழில எழுதுங்க. குடுக்க முன்னம் எனக்கும் அம்மாக்கும் வாசிச்சுக் காட்டுங்க. பேர மாத்துங்க. தாலிய மாத்தாதீங்க."

"தாலிய அப்பிடியே விட்டா ஊருக்கு விளங்கிரும் புள்ள" என்றேன். "நாளைக்கு உன்ர மகளுக்குக் கலியாணம் பேசி வருவாங்க. நீங்க என்ன குடி எண்டு கேப்பாங்க."

அவள் வீட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். பூமணி வாசலைக் கூட்டிக்கொண்டிருந்தாள்.

"கேக்கட்டும் மாமி" என்றாள். "அம்மாட குடிதான். குடி தாய்வழிதானே."